எல்லாக் கட்சிக்கும் ஒரே தாள்

கேள்வி: ஐயா, நான் ஹட்டனில் ஹாட்வெயார் கடை நடத்துகிறேன். 2025 நவம்பர் கடைசியில் டித்வா புயலால் மலை சரிந்து பாதைகள் அடைபட்டபோது, இங்குள்ள வர்த்தகர்கள் முதன்முறையாக ஒன்றுசேர்ந்து வேலை செய்தோம். அந்தப் பழக்கம் விட்டுப்போகக் கூடாது என்று மரக்கறி லொறி உரிமையாளர்கள், பேக்கரிக்காரர், தங்குவிடுதி நடத்துபவர்கள், சிறிய தேயிலைத் தொழிற்சாலை உரிமையாளர் ஒருவர் என முப்பது பேர் வரை கூடிப் பேசி வருகிறோம். வர்த்தகர்களையும் அரசியல் கட்சிகளையும் ஒரே மேசையில் உட்கார வைத்து, கொள்கை விடயங்களைப் பேசும் இலாப நோக்கற்ற மன்றம் ஒன்றை அமைப்பது எங்கள் எண்ணம். ஜெர்மனியில் இப்படிப்பட்ட மன்றங்கள் இருப்பதாக அங்கிருக்கும் என் மைத்துனர் சொல்கிறார். பேச நினைக்கும் விடயங்களின் பட்டியலை இத்துடன் இணைத்திருக்கிறேன். மன்றத்தை எந்தச் சட்டத்தின் கீழ் பதிவது? ஒரு கட்சியின் முக்கியஸ்தர் போஷகராக இருக்கச் சம்மதிக்கிறார். இன்னொரு கட்சியினர் தங்கள் மாநாட்டுக்கு அனுசரணை கேட்கிறார்கள். ஏற்கலாமா? தொழிற்சங்கங்கள் எங்களை முதலாளி கூட்டம் என்று எதிர்க்கும் என்கிறார்களே, அது உண்மையா?

பதில்: கடைசியாகக் கேட்டதுதான் முதலில் கேட்டிருக்க வேண்டிய கேள்வி. பதிவு, முத்திரை, கடிதத் தலைப்பு இவையெல்லாம் ஒரு மாத வேலை. தொழிற்சங்க விடயத்தில் தடுமாறினால் மன்றம் ஒரு வருடம்கூடத் தாங்காது.

கொழும்பில் வர்த்தக சம்மேளனக்காரர்கள் ஒரு கட்சித் தலைவரைச் சந்திக்கும்போது எதிரே இருப்பவர் கட்சித் தலைவர் மட்டுந்தான். மலையகத்தில் அப்படியில்லை. 1939இல் இலங்கை இந்தியர் காங்கிரஸ் என்று தொடங்கிப் பின்னர் இலங்கைத் தொழிலாளர் காங்கிரஸாகப் பெயர் மாறிய அமைப்பிலிருந்து, 2015இல் தமிழ் முற்போக்குக் கூட்டணியாகச் சேர்ந்த கட்சிகள் வரை, இங்கே கட்சிக்கும் தொழிற்சங்கத்துக்கும் நடுவில் இருப்பது ஒரு மெல்லிய திரைதான். காலையில் உங்கள் மேசையில் பாராளுமன்ற உறுப்பினராக இருந்து வரிக்கொள்கை பேசியவர், மாலையில் உங்கள் உறுப்பினரின் தேயிலைத் தொழிற்சாலை வாசலில் சங்கத் தலைவராக நிற்பார். இரண்டும் அவருடைய கடமை. அவரைக் குறை சொல்ல இதில் எதுவும் இல்லை. மன்றத்தின் யாப்பை எழுதும்போதே நீங்கள் இதை மனத்தில் வைத்துக்கொள்ள வேண்டும், அவ்வளவுதான்.

யாப்பில் முதல் பக்கத்திலேயே ஒரு வாசகம் இருக்கட்டும்: தனிப்பட்ட தொழிற்பிணக்கு எதிலும், நாட்சம்பளப் பேச்சுவார்த்தையிலும் இம்மன்றம் தலையிடாது. அதற்கு வேறு இடங்கள் இருக்கின்றன. 1941ஆம் ஆண்டின் சட்டப்படி அமைந்த சம்பளச் சபையில் முதலாளி தரப்புக்கும் தொழிலாளர் தரப்புக்கும் ஆசனங்கள் உண்டு. 2021இல் ஆயிரம் ரூபா நாட்சம்பளம் வந்தது அந்தச் சபை வழியாகத்தான். உங்கள் தேயிலைத் தொழிற்சாலை உறுப்பினருக்கு இந்த வாசகம் பிடிக்காமல் போகலாம். அவர் இதற்காகத்தான் சந்தா கட்ட வந்திருக்கிறார் என்றால், முதல் கூட்டத்திலேயே அது தெரிந்துவிடுவது நல்லது.

இன்னொன்றையும் யோசித்துப் பாருங்கள். உங்கள் கடையில் எந்த நாளில் கூட்டம் கூடுகிறது? பத்தாம் திகதி தோட்டத்தில் சம்பளம் போட்டபின் வரும் ஞாயிற்றுக்கிழமையில். தகரம் வாங்குபவரும், ஒரு கிலோ ஆணி வாங்குபவரும், பேக்கரியில் பிள்ளைகளுக்கு பணிஸ் வாங்குபவரும் தொழிலாளர்கள்தான். அவர்களுடைய கையில் காசு புழங்குவது உங்கள் முப்பது பேரில் இருபத்தெட்டுப் பேருக்காவது இலாபம். அதனால் கூட்டங்களுக்குத் தொழிற்சங்கப் பிரதிநிதிகளையும் பார்வையாளராக அழையுங்கள். மூடிய கதவுக்குப் பின்னால் என்ன பேசினார்கள் என்று ஊகிக்க விடுவதைவிட, உள்ளே உட்கார வைத்துத் தேநீர் கொடுப்பது மலிவு.

வர்த்தகருக்கும் தொழிலாளருக்கும் பிறவிப் பகை என்று நினைப்பவர்களுக்கு ஒரு பழைய கதை நினைவிருக்கட்டும். மலையகத்தின் முதல் தொழிற்சங்கத் தலைவர் கோ. நடேசய்யர் தஞ்சாவூரிலிருந்து இலங்கைக்கு வந்தது வர்த்தகர் சங்கக் காரியமாகத்தான். வெளியார் எவரும் நுழைய முடியாத தோட்டங்களுக்குள் அவர் புடவை வியாபாரி வேடத்தில் போய், தொழிலாளர் குடியிருந்த வரிசை வீடுகளான லயங்களின் நிலையைப் பார்த்தார் என்று சொல்வார்கள். 1931இல் அவர் தொடங்கிய தோட்டத் தொழிலாளர் சம்மேளனம் உங்கள் ஹட்டனில்தான் தலைமையகம் வைத்திருந்தது.

அரசாங்கத்திடம் வர்த்தக நலனைப் பேசும் அமைப்பு மலைநாட்டுக்குப் புதிதும் அல்ல. 1854இல் கண்டியில் கூடிய கோப்பித் தோட்டத் துரைமார் தோட்டக்காரர் சங்கம் அமைத்து, பாதை வேண்டும், ரயில் வேண்டும் என்று ஆங்கில அரசைத் துளைத்தெடுத்தார்கள். கண்டிக்கு 1867இல் ரயில் வந்தது. சட்டநிரூபண சபையில் தோட்டக்காரர்களுக்கென்று ஓர் ஆசனமே இருந்தது. அதே காலத்தில் மன்னாரிலிருந்து மாத்தளை வரை காட்டுவழியே நடந்து வந்து செத்து விழுந்த தொழிலாளர்களுக்காகப் பேச அந்தச் சபையில் ஒருவரும் இல்லை. திறமையாகப் பேசும் ஒரு தரப்புக்கு மட்டும் மேசை போட்டால் என்ன ஆகும் என்பதற்கு நம் வீட்டிலேயே சாட்சி இருக்கிறது. அதனால்தான் பார்வையாளர் நாற்காலி பற்றி இவ்வளவு எழுதினேன்.

இனி உங்கள் மைத்துனர் சொன்ன ஜெர்மனி. அவர் சொன்னது சரி, ஆனால் பாதி. கிறிஸ்தவ ஜனநாயகக் கட்சிக்கு நெருக்கமான பொருளாதார அவை 1963இலிருந்து இருக்கிறது. சமூக ஜனநாயகக் கட்சியைச் சார்ந்த பொருளாதார மன்றம் 2015இல் வந்தது. இரண்டும் சட்டப்படி கட்சியின் உறுப்பு அல்ல, தனி அமைப்புகள். ஆனாலும் ஒவ்வொன்றும் ஒரு கட்சியின் பெயரைச் சுமந்துகொண்டு இருக்கிறது. அங்கே அது செல்லும்: ஆட்சி மாறினாலும் தொழிற்சாலைக்கு மின்சாரம் வரும், அனுமதிப்பத்திரம் புதுப்பிக்கப்படும். நம் ஊரில் ஒரு கட்சியின் நிழலில் நின்ற வர்த்தகருக்கு அடுத்த தேர்தலுக்குப் பிறகு என்ன நடக்கும் என்பதை நீங்கள் எனக்குச் சொல்லித்தரலாம். உங்களுக்குப் பொருத்தமான முன்மாதிரி பிரித்தானியாவில் 1977இல் தொடங்கிய தொழில்துறை பாராளுமன்ற நம்பிக்கை நிதியம். எல்லாக் கட்சி உறுப்பினர்களுக்கும் தொழில் நடக்கும் விதத்தைக் காட்டுவது அதன் வேலை. எந்தக் கட்சிக்கும் அது பரிந்து பேசுவதில்லை.

ஜெர்மனிக் கதையின் மறுபாதி இது. சமூக ஜனநாயகக் கட்சியின் பத்திரிகையோடு தொடர்புடைய ஒரு நிறுவனம், அனுசரணையாளரிடம் சில ஆயிரம் யூரோ பெற்றுக்கொண்டு அமைச்சர்களுடன் சந்திப்பு ஏற்பாடு செய்ததாக 2016இல் தொலைக்காட்சியில் செய்தி வந்து பெரிய சங்கடமாகிவிட்டது. அரசியல்வாதிகளைச் சந்தித்து நலன் பேசுபவர்கள் தங்களைப் பகிரங்கப் பதிவேட்டில் பதிய வேண்டும் என்ற சட்டம் அங்கே 2022 ஜனவரியில் நடைமுறைக்கு வந்தது. நம் நாட்டில் அப்படி ஒரு பதிவேடு இல்லை. இல்லாததால் நமக்குச் சௌகரியம் என்று நினைக்காதீர்கள். நீங்களே ஒன்றை வைத்துக்கொள்ளுங்கள்: யாரை, எந்தத் திகதியில், எதைப் பற்றிச் சந்தித்தோம், என்ன கோரிக்கைத் தாள் கொடுத்தோம் என்று ஒரு கணக்குப் புத்தகம். யார் வந்து கேட்டாலும் காட்டக்கூடியதாக அது இருக்கட்டும். உங்களைக் காப்பாற்றப் போவது அந்தப் புத்தகம்தான், சட்டத்தரணி அல்ல.

பதிவு விடயம் சுருக்கமாக. 2007ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கக் கம்பனிகள் சட்டத்தில் உத்தரவாதத்தினால் வரையறுக்கப்பட்ட கம்பனி என்று ஒரு வகை உண்டு. பங்கு கிடையாது, பங்கிலாபம் கிடையாது. கம்பனி கலைக்கப்பட்டால் உறுப்பினர் ஒவ்வொருவரும் தருவதாக ஒப்புக்கொண்ட சிறு தொகைதான் அவருடைய பொறுப்பு. உங்களுக்கு அதுவே ஏற்றது. வருடாந்தக் கணக்கு, கணக்காய்வு எல்லாம் வேண்டும். அந்தச் செலவை இப்போதே கணக்கில் எடுங்கள். 1980ஆம் ஆண்டின் தன்னார்வ சமூக சேவை அமைப்புகள் சட்டம் நிவாரணமும் சேவையும் செய்பவர்களுக்கானது, உங்களுக்குச் சரிவராது. முதலாளிமாரும் தொழிற்சங்கமாகப் பதியலாம். 1935ஆம் ஆண்டுச் சட்டத்தில் அதற்கு ஏழு பேர் போதும், கொழும்பில் முதலாளிமார் சம்மேளனம் அப்படித்தான் இருக்கிறது. ஆனால் மேலே சொன்ன காரணத்தால் ஹட்டனில் அந்தப் பெயர்ப்பலகையை மாட்ட வேண்டாம். இலாப நோக்கற்றது என்று பதிந்த உடனேயே வரிவிலக்கு வந்துவிடும் என்றும் எண்ண வேண்டாம். இரண்டும் வேறு வேறு.

ஆனால் இவற்றையெல்லாம் இப்போதே செய்யாதீர்கள். பதிவுக் கட்டணம் கட்டிய உற்சாகத்தில் தலைவர், உபதலைவர் மூவர், இணைச் செயலாளர் இருவர் என்று பதவி பிரித்து, அதோடு ஓய்ந்துபோன சங்கங்களின் கோப்புகள் என் அலுமாரியில் ஒரு தட்டு நிறைய இருக்கின்றன. முதலில் ஒரே ஒரு விடயத்தை எடுத்து ஆறு மாதம் வேலை செய்யுங்கள்.

எந்த விடயம்? உங்கள் நீண்ட பட்டியலில் முதலாவது, வற் எனப்படும் பெறுமதி சேர் வரி. 2024 ஜனவரியில் அது 18 சதவீதமானதும், பதிவுக்கான ஆண்டு விற்பனை எல்லை 80 மில்லியன் ரூபாவிலிருந்து 60 மில்லியனாக இறங்கியதும் உங்களைக் கடித்திருக்கும், தெரியும். ஆனால் அதைப் பேச 1839இல் தொடங்கிய இலங்கை வர்த்தக சம்மேளனம் தொடங்கிப் பெரிய அமைப்புகள் பல இருக்கின்றன. அந்தக் கூட்டத்தில் உங்கள் குரல் முப்பத்தோராவது குரல். நீங்கள் மட்டுமே நன்றாகச் சொல்லக்கூடிய ஒன்றை எடுங்கள். பட்டியலில் ஒன்பதாவதாக, ஒரே வரியில் எழுதியிருக்கிறீர்களே, உருளைக்கிழங்கு. அதை.

வெளிநாட்டு உருளைக்கிழங்குக்கான விசேட வியாபாரப் பண்ட அறவீடு என்ற இறக்குமதி வரி 2007ஆம் ஆண்டின் 48ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ் வர்த்தமானிக் கட்டளை ஒன்றால் ஏறும், இறங்கும். வர்த்தமானி வெளியானால் அது நடைமுறை. பாராளுமன்றம் பிறகுதான் அங்கீகரிக்கும். விவாதத்தின்போது உங்கள் பாராளுமன்ற உறுப்பினரிடம் போய் அழுது பயனில்லை, அதற்குள் கப்பல் கொழும்பில் இறக்கிவிட்டிருக்கும். நுவரெலியாவிலும் வெலிமடையிலும் அறுவடை தொடங்குவதற்கு முன்பே உங்கள் தாள் எல்லாக் கட்சிகளின் கையிலும் இருக்க வேண்டும். 2021இல் இரசாயன உர இறக்குமதியைத் தடை செய்து, அந்த ஆண்டு முடிவதற்குள் அதே தடையை விலக்கினார்கள். கரட், லீக்ஸ் பாத்திகளும் தேயிலைச் செடிகளும் அதன் விலையைக் கொடுத்தன. முடிவுக்கு முன் பேசாத பேச்சு முடிவுக்குப் பின் ஒப்பாரியாகிவிடுகிறது.

இங்கேதான் உங்கள் மன்றத்தின் உண்மையான சோதனை வரும். கட்சிகளால் வராது, உங்களுக்குள்ளேயே வரும். அறவீடு கூட வேண்டும் என்பார் மரக்கறி லொறிக்காரர். தோட்டத்து விலை விழுந்தால் விவசாயி அடுத்த போகம் பயிரிடமாட்டார், லொறி பாதி வெறுமையாகக் கொழும்புக்கு இறங்கும். பேக்கரிக்காரர் ரோல்ஸ், பற்றிஸ் ஆகியவற்றுக்கு மூட்டை மூட்டையாக வாங்குபவர். அறவீடு ஏறினால் அவர் ரோல்ஸின் விலையை ஏற்ற வேண்டும். ஏற்றினால் பாடசாலைப் பிள்ளை வாங்காது. தங்குவிடுதிக்காரர் சித்திரை வசந்தகாலக் கூட்டத்துக்கு எந்தக் கிழங்கு கிடைத்தாலும் போதும் என்று சும்மா இருப்பார். இந்த மூவரையும் ஒரே அறையில் வைத்துக் கதவைச் சாத்துங்கள். ஒருவேளை, அறவீட்டின் அளவைவிட அது மாறும் நேரம்தான் மூவருக்கும் தொல்லை என்று தெரியவரலாம். அறுவடைக்கு இத்தனை வாரம் முன்பே அறிவித்துவிடுங்கள், இடையில் மாற்றாதீர்கள் என்ற கோரிக்கையில் லொறியும் பேக்கரியும் சேர்ந்து நிற்கக்கூடும். இணங்க முடியாத இடத்தில் இணங்கவில்லை என்றே எழுதுங்கள். ஒரு அமைச்சரின் செயலாளர் ஒருமுறை என்னிடம் சொன்னது: எல்லோரும் ஒருமனதாகக் கையெழுத்திட்ட தாளை நான் கடைசியில்தான் படிப்பேன், அதில் யாரோ ஒருவரைப் பேசவிடவில்லை என்று அர்த்தம்.

தாள் ஒரு பக்கம். மேலே இரண்டு வரியில் கேட்பது என்ன. நடுவில் உங்கள் உறுப்பினர்களின் சொந்தக் கொள்வனவுச் சிட்டைகளிலிருந்து எடுத்த விலை, எடை. கீழே எதிர்த்துச் சொல்பவரின் வாதமும் உங்கள் பதிலும். தமிழிலும் சிங்களத்திலும் இருக்கட்டும். வெலிமடையில் கிழங்கு பயிரிடுபவர்களில் பெரும்பாலானோர் சிங்கள விவசாயிகள். அவர்களுடைய சங்கமும் அதே தாளில் கையெழுத்திட்டால், அது மலையகத் தமிழ் வர்த்தகரின் முறைப்பாடு என்று ஒதுக்கப்படாது.

யாரிடம் கொடுப்பது என்பதிலும் கவனம் வேண்டும். மத்திய மாகாண சபைக்குக் கடைசித் தேர்தல் நடந்தது 2013இல். பல ஆண்டுகளாக அங்கே ஆளுநரும் அதிகாரிகளும்தான். அறவீடு நிதி அமைச்சின் காரியம். வியாபார அனுமதிப்பத்திரம், சந்தை, குப்பை எல்லாம் நகர சபை, பிரதேச சபை. ஒவ்வொன்றையும் அதனதன் கதவில் தட்டுங்கள். எல்லாக் கட்சிகளும் ஒரே பக்கம் இழுத்தால் நகராத தேரும் நகரும் என்பதற்கு அண்மைய உதாரணம் இருக்கிறது. தோட்டத்துக்குள் பிரதேச சபை பணம் செலவழிக்க முடியாதபடி 1987ஆம் ஆண்டுச் சட்டத்தின் 33ஆம் பிரிவு தடுத்துக்கொண்டிருந்தது. பல்லாண்டு முறையீட்டுக்குப் பிறகு 2018இல் திருத்தினார்கள். உங்கள் வாடிக்கையாளர் நடந்து வரும் பாதையின் கதை அது. முப்பத்தோரு வருடம் எடுத்தது என்பதையும் மறக்க வேண்டாம்.

போஷகர் வேண்டாம். மரியாதைக்குரியவராக இருக்கலாம், நல்லவராகவும் இருக்கலாம். அவர் பெயர் கடிதத் தலைப்பில் ஏறிய அன்றே மற்றக் கட்சிகளுக்கு உங்கள் கடிதம் உறை பிரிபடாமல் போய்விடும். மறுப்பதற்குச் சங்கடமாக இருந்தால் யாப்பைக் காட்டுங்கள்: கட்சிப் பதவியோ மக்கள் பிரதிநிதிப் பதவியோ வகிப்பவர் எவரும் இம்மன்றத்தில் கௌரவப் பதவி வகிக்க முடியாது. யாப்பை முதலில் எழுதச் சொல்வது இதற்காகவும்தான். சட்டம் இப்படி இருக்கிறது ஐயா, இல்லாவிட்டால் உங்களை விடுவோமா என்று சொல்லிவிடலாம்.

மாநாட்டு அனுசரணையும் வேண்டாம். மன்றத்தின் பணத்தில் ஒரு சதம்கூட எந்தக் கட்சிக்கும் போகக் கூடாது, எல்லாக் கட்சிக்கும் சமமாகக் கொடுத்தாலும்கூட. தனிமனிதராக நீங்கள் விரும்பிய கட்சிக்கு நன்கொடை கொடுப்பது உங்கள் உரிமை. ஆனால் 2023ஆம் ஆண்டின் 3ஆம் இலக்கத் தேர்தல் செலவின ஒழுங்குபடுத்தல் சட்டம் வந்தபின், தேர்தலில் போட்டியிட்டவர்கள் பெற்ற நன்கொடையையும் செய்த செலவையும் முடிவு வெளியாகி 21 நாட்களுக்குள் அறிவிக்க வேண்டும். வெளிநாட்டுக் கம்பனிகளிடமிருந்து அவர்கள் வாங்கக் கூடாது. உங்கள் தங்குவிடுதிக்காரர்களில் வெளிநாட்டுப் பங்காளி உள்ளவர் இருந்தால், கையை நீட்டும் முன் என்னிடமோ வேறொரு சட்டத்தரணியிடமோ கேட்கச் சொல்லுங்கள். அதே ஆண்டின் 9ஆம் இலக்க ஊழல் எதிர்ப்புச் சட்டமும் இருக்கிறது. அனுமதிப்பத்திரம் நிலுவையில் இருக்கும்போது சபை உறுப்பினரின் வீட்டுக் கல்யாணத்துக்குச் சீமெந்து மூட்டை அனுப்புவது இனியும் வெறும் ஊர்வழக்கம் என்று சொல்லித் தப்ப முடியாது. ஹாட்வெயார் கடைக்காரரான உங்களுக்கு இதைக் கொஞ்சம் அழுத்தியே சொல்கிறேன்.

சந்தா எல்லோருக்கும் ஒரே தொகையாக இருக்கட்டும். தேயிலைத் தொழிற்சாலைக்காரர் பத்து மடங்கு தருகிறேன் என்பார். வாங்கினால் மன்றம் அவருடையதாகிவிடும்.

கடைசியாக, நீங்கள் கேட்காத ஒன்று. பல வருடங்களுக்கு முன் ஒரு மலைநகர வர்த்தகர் சங்கத்துக்கு நான் ஆலோசகராக இருந்தேன். பதினான்கு கோரிக்கைகள் கொண்ட மகஜரைத் தயாரித்து, ஹோட்டல் ஒன்றின் மேல்மாடியில் ஒரு பிரமுகரை அழைத்தார்கள். அவர் இரண்டு மணிநேரம் தாமதமாக வந்தார். மாலை, பொன்னாடை, வரவேற்புரை, சிறப்புரை. யார் யாருக்கு முன்னால் பொன்னாடை போர்த்துவது என்பதில் உபதலைவர்கள் இருவருக்கு மனத்தாங்கல். மகஜரை வாசிக்க எழுந்தபோது அவருக்கு அடுத்த கூட்டத்துக்கு நேரமாகிவிட்டது. அவர் போனபின் மேசையைப் பார்த்தேன். மகஜரின் முதல் பக்கத்தில், நாலாவது கோரிக்கைக்கும் ஆறாவது கோரிக்கைக்கும் இடையில், தேநீர்க் கோப்பை வைத்த வட்டம் பழுப்பாகக் காய்ந்திருந்தது. அவர் அதை எடுத்துக்கொண்டு போகவே இல்லை.

ஆகவே கூட்டத்தைக் காலை பத்து மணிக்கு வையுங்கள், ஒன்றரை மணிநேரம், தாள் மூன்று நாள் முன்பே அவர்கள் கையில். பொன்னாடை கிடையாது, மேடை கிடையாது, எல்லோருக்கும் ஒரே வகை நாற்காலி. எந்தக் கட்சியும் வராவிட்டாலும் குறித்த நேரத்தில் தொடங்கி, யாருக்கு அழைப்பு அனுப்பினோம், யார் வந்தார்கள் என்பதைக் குறிப்பில் எழுதிவிடுங்கள். இரண்டாவது கூட்டத்துக்கு வருவார்கள்.

அந்தக் கூட்டம் முடிந்தபின் யாப்பின் வரைவோடு கண்டிக்கு வாருங்கள். சனிக்கிழமை பிற்பகலில் இருப்பேன். பேக்கரிக்காரரையும் லொறிக்காரரையும் சேர்த்தே கூட்டி வாருங்கள்.